பிரேசில்காரி அழுத அழுகை

அந்தப் பிரேசில்காரியை எனக்கு இன்றைக்கும் பிடிக்காது. பெரிய நடிகை. அவளுடைய நாட்டில் ராணுவ ஆட்சி நடந்தபோது, மேடையில் வாயே திறக்காமல் நின்று பெயர் எடுத்தவளாம். தொண்ணூறுகளின் தொடக்கத்தில் ரொறன்ரோவுக்கு வந்து, ஒரு பழைய கிடங்கில் பரிசோதனை நாடகம் போட்டாள். ஊரில் பள்ளிக்கூட மேடை ஏறிய துணிச்சலில் நானும் அவளுடைய குழுவில் சேர்ந்தேன். எங்களை இருத்தி வெங்காயம் உரிக்க வைப்பாள். கண்ணீர் வந்தால், "இது பொய்" என்று திட்டுவாள். வெங்காயத்துக்கு வேறு என்ன வரும்?

அந்தக் குளிர்காலம் யாழ்ப்பாணத்தில் என் அம்மா செத்துப்போனா. அகதி வழக்கு முடியாததால் எனக்குப் போக வழியில்லை. ரொறன்ரோவில், சென் ஜேம்ஸ் ரவுண் பகுதியில் இருந்த எங்கள் வீட்டிலேயே படத்தை வைத்துச் செத்தவீடு நடத்தினோம். பெண்கள் ஒருவர் தோளை ஒருவர் பிடித்து அழுதார்கள். நான் படத்தைத் தடவித் தடவி, "என்ரை அம்மா, உன்ரை முகத்தைக்கூடப் பாக்கேல்லையே" என்று கத்தினேன். அம்மாவுக்கு என்னால் கொடுக்க முடிந்தது அந்த அழுகை ஒன்றுதான்.

செத்தவீட்டுக்கு யாரையும் அழைப்பதில்லை, வந்தவரைத் தடுப்பதுமில்லை. பிரேசில்காரியும் வந்தாள். மூலையில் இருந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு ஒன்றும் சொல்லாமல் எழுந்து போனாள். செத்தவீட்டில் 'போயிட்டு வாறன்' என்று சொல்லக்கூடாதல்லவா? பக்கத்து வீட்டு அன்ரி, "வெள்ளைக்காரி எண்டாலும் முறை தெரிஞ்சவள்" என்று மெச்சினா. எனக்கும் மனம் கொஞ்சம் இளகியது.

பனி கரைந்த பிறகு அவளுடைய புது நாடகம் வந்தது. எனக்கு அதில் வேலையில்லை. பார்க்க வரச் சொன்னாள். மேடையில் அவள் மட்டும், கையில் படமில்லாத ஒரு சட்டம். அதைத் தடவித் தடவி அழுதாள். என் விம்மல், என் தலையாட்டு, சட்டைக் கையால் நான் மூக்கைத் துடைத்த விதம், ஒன்றையும் விடவில்லை. 'என்ரை அம்மா' என்றுகூடச் சொன்னாள். சனம் எழுந்து நின்று கைதட்டியது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

ஒப்பனை அறைக்குப் போனேன்.

"உன் அம்மாவுக்கு நான் செய்த மரியாதை," என்றாள், முகப்பூச்சைத் துடைத்தபடி.

"என் அம்மா உனக்கு யார்?" என்று எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் கேட்டேன்.

"நடிகைக்கு எல்லாச் சாவும் சொந்தம். என் அப்பா செத்ததைக்கூட நடித்திருக்கிறேன்."

"அது உன் அப்பா. என்னவும் செய்."

கதவை அடித்துச் சாத்திவிட்டு வந்தேன். பிறகு அந்தப் பக்கமே போகவில்லை. அவளோ என் அழுகையோடு மொன்றியல், ஐரோப்பா என்று போனாள். பத்திரிகைகள் தூக்கிவைத்து எழுதின. நாசமாய்ப் போவாள் என்று வாய் ஓயாமல் திட்டினேன்.

தொண்ணூறுகள் முடியுமுன் அப்பாவும் போனார். அவரை நான் கனடாவுக்குக் கூப்பிட்டு வைத்திருந்தேன். இந்த முறை உடல் என் முன்னால் இருந்தது. பெண்கள் என் தோளைப் பிடித்துக்கொண்டு, "அழு பிள்ளை, அழுது தீர்" என்றார்கள். வாயைத் திறந்தேன். வந்தது அவள் மேடையில் அழுத அழுகை. வாயை மூடிக்கொண்டேன். அப்பாவை நான் அழாமல்தான் அனுப்பினேன்.