மகஜர் சாட்சி ஒப்பித்த பாடம்

செய்யாத கொலைக்கு ஜெயிலில் இருந்துவிட்டு, மேல்முறையீட்டில் நிரபராதி என்று வெளியே வந்தவன் நான். இப்போது என்னைப் போல் மாட்டிக்கொண்டவர்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிறேன். இந்த வேலைக்கு வரும் பிள்ளைகள் முதலில் கேட்பது எந்த கேமரா நல்லது என்றுதான். கேமரா கிடக்கட்டும். மகஜர் சாட்சியைப் பற்றித் தெரிந்துகொள்ளுங்கள்.

போலீஸ் ஒரு பொருளைக் கைப்பற்றும்போது கூட நின்று பார்த்ததாகக் கையெழுத்துப் போடுகிறவர்தான் மகஜர் சாட்சி. வழியில் போன யாரோ ஒரு பொதுஜனம் என்று சட்டம் நினைத்துக்கொண்டிருக்கிறது. நடப்பில் அவர் ஸ்டேஷனுக்கு எதிரே கடை வைத்திருப்பவர்.

பத்தமடை காதர் ஆயுள் தண்டனையில் உள்ளே இருக்கிறார். ஏரல் பக்கம் ஆற்றங்கரைப் புதரிலிருந்து அவர் அரிவாளை எடுத்துக் கொடுத்தார் என்று ஒரு டீக்கடைக்காரர் சொன்ன சாட்சியில்தான் வழக்கே நிற்கிறது. மேல்முறையீடு விசாரணைக்கு வரவிருந்தது. காதரின் மனைவி மைமூனையும் அழைத்துக்கொண்டு, அந்த டீக்கடை அண்ணாச்சியை ஆற்றங்கரைக்கே கூட்டிப் போனேன். சாட்சியை நாற்காலியில் உட்கார வைத்துப் பேட்டி எடுக்கக் கூடாது. சம்பவ இடத்தில் நிறுத்த வேண்டும். அது என் வழக்கம்.

அண்ணாச்சி சலவைச் சட்டையும் பட்டைத் திருநீறுமாக வந்திருந்தார். கேமரா ஓடத் தொடங்கியதும் கேட்டார்: "இது எந்தக் கேசு வே?"

"அரிவாள் எடுத்த கேசு அண்ணாச்சி. நீங்க எங்கன நின்னிய?"

நாலாபக்கமும் பார்த்தார். தொண்டையைச் செருமிக்கொண்டு, பள்ளிக்கூடத்தில் செய்யுள் ஒப்பிப்பது போல ஆரம்பித்தார். "எதிரி தாமாக முன்வந்து, புதருக்குள் மறைத்து வைத்திருந்த அரிவாளை எடுத்து..." அங்கே பாடம் மறந்துவிட்டது.

"எடுத்து ஆஜர் செய்ததை நான் நேரில் பார்த்தேன்," என்று நான் முடித்து வைத்தேன்.

"அதேதான். உமக்கு எப்பிடி வே தெரியும்?"

"என் கேசுலயும் நீங்கதான சொன்னிய."

ஏற இறங்கப் பார்த்தார். வெட்கப்படுவார் என்று எதிர்பார்த்தேன், நான் ஒரு மடையன். "அப்பிடியா? அதான் வெளிய வந்துட்டீருல்லா," என்றார்.

மைமூன் முன்னால் வந்தார். "அண்ணாச்சி, எங்க வீட்டுக்காரர் அரிவாள எடுத்தத உங்க கண்ணால பாத்தியளா?"

"நான் எங்கம்மா பாத்தேன்? ஸ்டேசன்ல வச்சு கையெழுத்துப் போடச் சொன்னாவ, போட்டேன். எனக்கும் அங்கன கடை நடக்கணும்லா."

"இத கோர்ட்டுல வந்து சொல்லுவியளா?"

"அதுக்கென்ன, தாராளமா சொல்லுதேன். என்ன சொல்லணும்னு மட்டும் எழுதிக் குடுத்துருங்க."

கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

காதரின் வக்கீலிடம் அதைப் போட்டுக் காட்டினேன். "பாக்கலைன்னு சொன்னத நம்பாதீங்க. நாளைக்கே மாத்திச் சொல்லிருவாரு," என்றார். "அந்தக் கடைசி வரிய மட்டும் வெட்டிராதீங்க. அது ஒண்ணு போதும், இவரு எப்பேர்ப்பட்ட சாட்சின்னு காட்ட."

நான் கற்றது இவ்வளவுதான். பொய் சொல்கிறவனை மடக்கிவிட்டோம் என்று துள்ளாதீர்கள், அவனைப் பேச விடுங்கள். என்னை உள்ளே தள்ளிய வாய்தான் காதரை வெளியே கொண்டுவர வேண்டும். வேறு வாய் எங்களுக்கு இல்லை.