ஏழாம் மாடியில் பழுது

எங்கள் குடியிருப்பின் லிஃப்ட் மெக்கானிக் பதினேழு வாட்ஸ்அப் குரூப்பில் இருக்கிறார். "சாப்பாடு ரெடி" என்று மனைவி அடுத்த அறையிலிருந்து மெசேஜ் அனுப்புவார். இவர் பதிலுக்குக் கட்டைவிரல் பொம்மையை அனுப்பிவிட்டு எழுந்து போவார். அன்றைய குடும்பப் பேச்சு அத்தோடு முடிந்தது.

ஏழாம் மாடி அக்கா தனியாக இருக்கிறார். அப்படிச் சொன்னால் அவருடைய பிள்ளைகள் சண்டைக்கு வருவார்கள். கூடத்தில் ஒரு கேமரா, சமையலறையில் ஒன்று, கையில் நாடித்துடிப்பை மகனுக்கு அனுப்பும் கடிகாரம். அவரைப் பார்க்க ஆளுக்குப் பஞ்சமில்லை, பேசத்தான் ஆளில்லை.

அதனால் செவ்வாய்தோறும் லிஃப்ட்டின் அவசர பட்டனை அழுத்துவார். மெக்கானிக் வந்து, நன்றாக ஓடும் லிஃப்ட்டை நிறுத்தி, ஒரு மணி நேரம் ஊர்க்கதை பேசுவார். வாரத்தில் மெக்கானிக்கும் மனம்விட்டுப் பேசுவது அப்போதுதான். ஐந்தாம் மாடிக்காரனான நான் மூட்டுவலியோடு படியேறி இருவரையும் திட்டுவேன்.

போன மாதம் கம்பெனி புதுக் கருவி வைத்தது. இனி பழுதை லிஃப்ட்டே அலுவலகத்துக்குச் சொல்லும். அது சொல்லாமல் மெக்கானிக் வரக் கூடாது. பட்டனை அழுத்தினால் பதிவுசெய்த குரல் நன்றி சொல்லும். குடியிருப்பு வாட்ஸ்அப் குரூப்பில் எல்லோரும் கைதட்டினோம்.

மூன்று வாரம் கழித்து மெக்கானிக்கைக் கடைத்தெருவில் பார்த்தேன்.

"லிஃப்ட் எப்படி சார் ஓடுது?"

"பிரமாதமா ஓடுது."

மனுஷர் முகம் வாடிவிட்டது. "அந்த அக்கா நல்லா இருக்காங்களா?"

"ஃபோன் பண்ணிக் கேளுங்களேன்."

"என்னன்னு சார் பண்றது? கம்ப்ளெய்ன்ட்டே இல்லையே."

அடுத்த செவ்வாய் லிஃப்ட் தானே பழுது சொன்னது. சத்தம் போட்டே தீர்வது என்று நானும் மூச்சு வாங்க ஏழாம் மாடிவரை ஏறினேன். லிஃப்ட் கதவு மூடாமல் நின்றது. குறுக்கே ஆள் நின்றால் கண்டுபிடிக்கும் சென்சார்மேல், காயத்துக்குப் போடும் பிளாஸ்திரி ஒட்டியிருந்தது.

"யாரு ஒட்டினதுக்கா?" என்றார் மெக்கானிக்.

"எனக்கென்னப்பா தெரியும்? அதுக்கு எங்கயாவது அடிபட்டிருக்கும்" என்றார் அக்கா, கொஞ்சமும் கூசாமல்.

மெக்கானிக் அதைப் பிய்த்துப் பையில் போட்டுக்கொண்டார். 'காரணம்: தூசி' என்று அலுவலகத்துக்குத் தட்டிவிட்டு, படியில் உட்கார்ந்தார். "அப்புறம் சொல்லுங்கக்கா."

எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை, பொறாமைதான் வந்தது. லிஃப்ட்டுக்கு என்ன ஆச்சு என்று குரூப்பில் பதினோரு பேர் கேட்டிருந்தார்கள். கைப்பேசியைச் சட்டைப்பையில் போட்டேன். ஐந்தாம் மாடிக்காரனுக்கு இங்கே என்ன வேலை என்று இருவரும் கேட்கவில்லை. கொஞ்சம் நகர்ந்து இடம் விட்டார்கள்.