கீழே இருந்த பெயர்

காலை பத்து இருபது. பொகவந்தலாவையில், தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடான ஒரு லயத்து வாசலில் தலையைக் குனிந்து உள்ளே நுழைந்ததும் முதலில் கண்ணில் பட்டது, அடுப்புக்கு மேலே ஆணியில் தொங்கிய ஒரு பொலித்தீன் பை. உள்ளே சாம்பல் நிறத்தில் ஏதோ ஒரு பெட்டி.

ரேடியோவா? மருந்துப் பெட்டியா?

“கேம் சேர்” என்றாள் அந்த வீட்டுப் பிள்ளை. “இங்கிட்டுப் பனிக்கு எல்லாம் பூத்துப்போயிரும். அடுப்புச் சூட்டுல இருந்தா ஒண்ணும் ஆகாது.”

பன்னிரண்டு வயதிருக்கும். பெயர் தர்ஷிணி. நான் தேடிப் போனது அவளுடைய அம்மாவை – மகேஸ்வரி.

இந்த மூலையில் வாராவாரம் என்னைப் படிக்கிறவர்களுக்குத் தெரியும், பத்தி எழுதுவது எனக்குப் பக்கத்தொழில்தான். மற்ற நாட்களில் ஹட்டனிலிருந்து செய்தி அனுப்புகிறவன். அதற்கு முன் பல வருஷம் கொழும்பில், மேசையில் உட்கார்ந்து மற்றவர்கள் எழுதியதை வெட்டிக்கொண்டிருந்தவன். போன மாதம் ஆசிரியர் ஒரு கட்டுரை கேட்டார். வெளிநாட்டு வீடுகளில் வேலை செய்துவிட்டுத் திரும்பிய தோட்டத்துப் பெண்களைப் பற்றி. மகேஸ்வரி குவைத்தில் நாலு வருஷம் இருந்தவர். கணவர் கொழும்பில் ஒரு கடையில் வேலை.

அன்று ஞாயிறு. ஞாயிறன்று பறிக்கிற கொழுந்துக்கு அன்றைக்கே கையில் காசு என்பதால் மகேஸ்வரி மலைக்குப் போயிருந்தார்.

“அம்மா வந்துருவாங்க சேர். இருங்க, பீலியில தண்ணி எடுத்தாந்து தேத்தண்ணி ஊத்துறேன். அதுவரைக்கும் இதப் பாத்துக்கிட்டு இருங்க.”

பையைக் கழற்றி, பெட்டியை என் கையில் கொடுத்தாள். எப்படி முடுக்குவது, திரையில் இருக்கிற ஆளை எப்படி நடக்கவைப்பது என்று காட்டினாள். “மேல உள்ளது நான் வெளையாடுறது…” என்றாள். அதற்குப் பிறகும் ஏதோ சொன்னாள்.

நான் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கட்டுரைக்கு முதல் வரி தேடிக்கொண்டிருந்தேன். புகை படிந்த சுவர், பொலித்தீன் பை, குவைத்திலிருந்து வந்த பெட்டி… நல்ல தொடக்கம் இல்லையா?

கேட்பதுதான் என் தொழில். அன்று பாதியைத்தான் கேட்டேன்.

அவள் குடத்தோடு போய்விட்டாள். இன்றைக்கு ஹட்டன் கடைகளில் இந்த மாதிரிக் கேம் பெட்டிகள் கலர் கலராக வந்துவிட்டன. இது பழைய வகை. பச்சையும் கறுப்புமாக ஒரு சின்னத் திரை, செங்கல் மாதிரி ஒரு கனம். தோட்டம் போட்டு வளர்க்கிற விளையாட்டு. திரையில் இரண்டு பெயர்கள், ஆங்கில எழுத்தில்; ஒவ்வொரு பெயருக்கும் விளையாடிச் சேமித்துவைத்த ஒரு தோட்டம். மேலே ‘ஃபஹத்’. கீழே ‘மஹே’.

ஃபஹத்துக்கு மூன்றாவது வருஷம் நடந்துகொண்டிருந்தது. மாடு, கோழி, பெரிய வீடு, நிறையத் தோட்டம். சும்மா எட்டிப் பார்த்துவிட்டு வெளியே வந்தேன். மஹேக்கு ஒன்றுமில்லை. முதல் வருஷம், நாலாம் நாள், காலை. ஒரு குடிசை, புல் மண்டிய நிலம், ஒரு நாய். யாரோ தொடங்கி, அலுத்துப்போய் விட்டுவிட்டார்கள் என்று நினைத்தேன்.

எனக்கும் ஆசை வந்தது. நாமும் ஒரு தோட்டம் போட்டுப் பார்த்தால் என்ன? புதிதாகத் தொடங்கு என்று அமத்தினேன். இடமில்லை என்றது பெட்டி. எதை அழிக்க என்று கேட்டது.

பேப்பரில் இடம் போதாவிட்டால் நாங்கள் கீழேயிருந்துதான் வெட்டுவோம். முக்கியமானது மேலே இருக்கும், அவ்வளவு முக்கியமில்லாதது கீழே. பதினைந்து வருஷப் பழக்கம். கை யோசிக்காது.

நிச்சயமா என்று ஒரு தடவை கேட்டது. ஆம் என்றேன்.

என் பெயரைப் போடச் சொல்லி நாலு கட்டங்கள் வந்தன. வாசலில் குடம் தட்டுப்படுகிற சத்தம் கேட்டதும், பொம்மையோடு பிடிபட்ட சிறுவனைப் போல ஒரு வெட்கம் வந்து, பெட்டியை நிறுத்திவிட்டேன்.

அப்போது வந்தது சின்ன வெட்கம்தான்.

தேத்தண்ணியை நீட்டிவிட்டு, தர்ஷிணி பெட்டியை எடுத்துத் திரும்ப முடுக்கினாள்.

“சேர்… கீழ இருந்த மஹே எங்க?”

“அதை அழிச்சுப்போட்டு நான் புதுசா ஒண்டு தொடங்கப் பாத்தனான்” என்றேன், சிரித்துக்கொண்டே.

அவள் சிரிக்கவில்லை. 

“அம்மா பேர வெட்டிட்டீங்களா?”

தோட்டத்தை அறியாதவர்களுக்கு இந்த வசனத்தின் கனம் தெரியாது. அங்கே ‘பேர்’ என்றால் ஒரு நாள் வேலை. மலைக்குப் போனால் பேர் விழும். கொழுந்து குறைந்தால் அரைப் பேர். வேலையை மேற்பார்க்கிற கண்டாக்கு கோபித்துக்கொண்டால் அதுவும் இல்லை. பேரை வெட்டிவிடுவார். காலையிலிருந்து நின்றது, நனைந்தது, சுமந்தது எல்லாம் இல்லை என்றாகிவிடும். இந்தப் பேர் வெட்டைப் பற்றி இதே பத்தியில் எத்தனை தடவை ஆவேசமாக எழுதியிருக்கிறேன்? உங்களில் சிலர் பாராட்டிக் கடிதம்கூடப் போட்டீர்கள்.

“அது அம்மாவுதுன்னு சொல்லிட்டுத்தானே சேர் போனேன்” என்றாள் தர்ஷிணி.

பிறகு அவளே விளக்கினாள். குவைத் வீட்டில் அம்மா பார்த்துக்கொண்ட பையன்தான் ஃபஹத். அம்மா ஊருக்குப் புறப்பட்டபோது, தன் கேமை அவர் பைக்குள் வைத்துவிட்டான். கொடுப்பதற்கு முன், கீழே அம்மா பெயரில் புதிதாக ஒரு தோட்டம் தொடங்கி, நாலு நாள் விளையாடி வைத்திருந்தான். நாலு எழுத்துக்கு மேல் இடமில்லாததால் மகேஸ்வரி, மஹே ஆனார்.

“நாலு நாளோட ஏன் விட்டது?” என்று கேட்டேன்.

“அம்மா வெளையாட மாட்டாங்க சேர். வேல விட்டு வந்து தொறந்து பாப்பாங்க. அந்த நாய் ஓடியாந்து காலச் சுத்தும். அம்புட்டுதான். அந்த ஆளு வீட்டுக்குள்ள போயிப் படுத்தா அஞ்சாம் நாளு வந்துரும்ல? அதனால படுக்கவே விட மாட்டாங்க. அப்பிடியே நிப்பாட்டிருவாங்க. அடுத்த தடவ தொறந்தா மறுபடியும் நாலாம் நாளு காலையிலதான் நிக்கும்.”

ஒரு வருஷமாக அந்தத் தோட்டத்தில் அதே காலை. யாரும் அலுத்துப்போய் விட்டதல்ல. ஒருவர் பிடித்து நிறுத்திவைத்தது.

“அம்மாகிட்ட நீங்களே சொல்லிருங்க சேர். நான் சொன்னா நம்ப மாட்டாங்க.”

“சொல்லுறன்” என்றேன்.

சொன்னேன். இதில் நான் தாமதிக்கவில்லை என்பதையாவது எழுதிக்கொள்ள விடுங்கள். மலையிலிருந்து வந்த மகேஸ்வரி இடுப்புச் சாக்கைக்கூட அவிழ்க்கவில்லை. “சேர் வந்து நேரமாச்சா? இந்தப் புள்ள தேத்தண்ணி குடுத்துச்சா?” என்று கேட்ட கையோடு சொல்லிவிட்டேன்.

“உங்கட கேமில கீழ இருந்ததை நான் அழிச்சுப்போட்டன். தெரியாமச் செய்தது. மன்னிக்க வேணும்.”

அவர் கையைச் சேலையில் துடைத்தார். பெட்டியை வாங்கி முடுக்கினார். பார்த்தார். நிறுத்தினார். பிறகு திரும்பியது என் பக்கம் இல்லை.

“ஏண்டி… சொன்ன மாதிரியே செஞ்சிட்டியா?”

“நான் இல்லம்மா! சேர்தான்!”

“வாய மூடு. வந்த மனுசர் மேல பழி போடுறியா? பேப்பர்ல எழுதுறவருக்கு இந்தப் பொட்டியில என்னடி வேல?”

“அவள் தொடவே இல்லை. நான்தான் செய்தது” என்றேன்.

மகேஸ்வரி என்னைப் பார்த்துச் சிரித்தார். கோபத்துக்கு நடுவிலும் எனக்கென்று ஒரு சிரிப்பு வைத்திருந்தார். “நீங்க சும்மா இருங்க சேர். இவளப் பத்தி ஒங்களுக்குத் தெரியாது. ‘ஒங்களுக்கு அவன்தான் புள்ள, ஒரு நாளைக்கு அழிச்சுப்புடுறேன் பாருங்க’ன்னு என் மூஞ்சிக்கு நேராச் சொன்னவ.”

லயத்துச் சுவர் கூரைவரை போவதில்லை. அடுத்த வீட்டுக் காம்பராவிலிருந்து ஒரு குரல் வந்தது. “என்னாடி மகேஸு, சத்தம்?”

“இந்தக் கழுத என் கேம அழிச்சிருச்சுக்கா. பேப்பர்கார சேரு பாவம், நான்தான் செஞ்சேன்னு சொல்லி இவளக் காப்பாத்தப் பாக்குறாரு.”

“அய்யோ, அம்புட்டு நல்ல மனுசனா?” என்றது சுவர்.

இன்னும் இரண்டு தடவை சொன்னேன். சொல்லச் சொல்ல நான் மேலும் மேலும் நல்லவனாகிக்கொண்டு போனேன். ஒரு மனிதன் தன் குற்றத்தை ஒப்புக்கொள்ள எத்தனை தடவை சொல்ல வேண்டும்? அவன் கால்சட்டையையும் சப்பாத்தையும் பொறுத்தது போலிருக்கிறது.

தர்ஷிணியின் தலையில் ஒரு குட்டு விழுந்தது. அடுத்ததற்குக் கை ஓங்கியபோது அவள் சொன்னாள்:

“சரி, நாந்தாம்மா.”

கை இறங்கியது. 

“நீங்க கேக்க வந்ததக் கேளுங்க சேர்” என்றார் மகேஸ்வரி.

அந்த இடத்தில் நான் எழுந்து போயிருக்கலாம். அல்லது, உண்மையை ஒத்துக்கொள்ளும்வரை பேனையைத் திறக்க மாட்டேன் என்று பிடிவாதமாக இருந்திருக்கலாம். நான் பேனையைத் திறந்தேன். பஸ் செலவு பேப்பருடையது, கட்டுரைக்குப் பக்கம் ஒதுக்கியாகிவிட்டது. முதல் கேள்வியைக் கேட்டேன். அந்த வீட்டில் உங்களை எப்படி நடத்தினார்கள்?

“கொற சொல்ல மாட்டேன். சாப்பாடு குடுத்தாங்க. ஆனா மகேஸ்வரின்னு அவங்க வாயில வரல. மேரின்னு வச்சுட்டாங்க. நாலு வருஷம் மேரிதான். அந்தப் பய மட்டும் ஒரு நா கேட்டான், ஒன் நெசப் பேரு என்னான்னு. அதுக்கப்புறம் தனியா இருக்கப்ப மேரின்னு கூப்புட மாட்டான். மஹே, மஹேன்னுவான்.” இடுப்புச் சாக்கை அவிழ்த்து மடித்தார். “அவன் எம் புள்ள இல்ல சேர், தெரியும். சம்பளத்துக்குப் பாத்ததுதான். இவளுக்கு ஏழு வயசு ஆகயில விட்டுட்டுப் போனேன். வந்து பாத்தா தோள் ஒயரத்துக்கு நிக்கிறா. இவளுக்கு என்னயத் தெரியல. ஆனா அந்தப் பயலுக்கு…”

தர்ஷிணி அடுப்புப் பக்கம் முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தாள். நான் எழுதிக்கொண்டிருந்தேன்.

பஸ் நிற்கிற இடம்வரை தர்ஷிணி கூட வந்தாள். கையில், பாத்தியில் பிடுங்கிய ஒரு கட்டு லீக்ஸ். ‘நல்ல மனுசன்’ வீட்டுக்குக் கொண்டுபோக அம்மா கொடுத்தது.

“ஏன் நீ செய்ததெண்டு சொன்னனீ?”

“இல்லேன்னா பொழுது சாயிற வரைக்கும் ஏசுவாங்க சேர். ஒங்க வேலயும் கெட்டுப்போயிரும்.” 

என் வேலை.

கொஞ்ச தூரம் நடந்த பிறகு, “நீங்க பேப்பர்ல போடுங்க சேர்” என்றாள். “நீங்க வாயால சொன்னா நம்ப மாட்டாங்க. பேப்பர்ல வந்தா நம்புவாங்க. அம்மாவுக்கு பேப்பர்ல வர்றதெல்லாம் நெசம்.”

போடுகிறேன் என்றேன்.

“என் பேரையும் போடுவீங்களா? அழிச்சது தர்ஷிணி இல்லன்னு?”

“போடுறன்.”

“மூணு சுழி ணி சேர். பள்ளிக்கூடத்துல ரெண்டு சுழி போட்டுத் தப்பாவே எழுதுறாங்க. நீங்க சரியாப் போட்டுருங்க.”

பஸ் வந்தது. லீக்ஸ் கட்டோடு ஏறினேன்.

கட்டுரை அடுத்த ஞாயிறு வந்தது. புகை படிந்த சுவரில்தான் தொடங்கியது. நன்றாக வந்திருப்பதாகப் பலர் சொன்னார்கள். கேமை நான் அழித்ததைப் பற்றியும் ஒரு பாரா எழுதியிருந்தேன். அது வரவில்லை. கடைசி நேரத்தில் ஒரு விளம்பரம் வந்து இடம் போதாமல், கடைசிப் பாரா வெட்டுப்பட்டிருந்தது.

மேசையில் இருந்தவரைக் குறை சொல்ல மாட்டேன். வெட்ட வேண்டிய இடத்தில்தான் வெட்டினார். அந்தப் பாராவைக் கடைசியில் வைத்தது யார்? பதினைந்து வருஷம் அதே மேசையில் இருந்தவனுக்கு, எது தப்பும், எது தப்பாது என்று தெரியாதா?

தெரியும். எழுதும்போதே தெரியும். சொன்னதாகவும் இருக்க வேண்டும், யாருக்கும் தெரியவும் கூடாது… அதற்குத் தோதான இடம் அதுதான்.

நமக்குக் கிடைக்கிற மரியாதையில் பாதி இப்படி வருவதுதான் என்று இப்போது படுகிறது. வேறு யாரோ ஒருவர் தலையில் குட்டு விழுந்தால்தான் அது நம் கைக்கு வந்துசேர்கிறது. நாமும் ஒரு கட்டு லீக்ஸோடு வாங்கிக்கொண்டு பஸ் ஏறிவிடுகிறோம்.

இந்தப் பத்தியில் யாரும் கைவைப்பதில்லை. அளவு என்னுடையது. ஆகவே இந்த முறை தெளிவாக எழுதுகிறேன்: மகேஸ்வரியின் கேமில் கீழே இருந்ததை அழித்தது தர்ஷிணி அல்ல. நான்.

பேப்பர் வந்ததும் ஒரு பிரதியை பொகவந்தலாவை பஸ்ஸில் கொடுத்தனுப்புவேன்.

வழக்கம்போல, இதில் வருகிறவர்களின் பெயர்களை மாற்றியிருக்கிறேன்.