லண்டன் சதுரங்கமும் லுசேர்ண் பார்வையாளர்களும்

காட்சியகத்தில் வழிகாட்டி வேலை என்பது, யாரோ எப்போதோ செய்ததற்கு இன்றைக்கு நின்றுகொண்டே பதில் சொல்கிற வேலை. கடைகளில் காசு மேசைக்குப் பின்னால் நிற்கிறவர்களுக்கும், ஆஸ்பத்திரி வரவேற்பில் இருக்கிறவர்களுக்கும் இதை நான் விளக்கத் தேவையில்லை. நீங்களும் வாங்கிக் கட்டினவர்கள்தான்.

நான் சுவிஸில், பாடன் நகரத்தில் பிறந்து வளர்ந்த தமிழ்ப்பிள்ளை. லுசேர்ணில் ஒரு சின்னக் காட்சியகத்தில் எனக்கு வேலை கிடைத்தது. 1851இல் லண்டனில் பெரிய உலகக் கண்காட்சி நடந்தபோது, அதையொட்டி முதலாவது அனைத்துலகச் சதுரங்கப் போட்டியையும் வைத்தார்கள். பதினாறு பேர் விளையாடினார்கள். அந்தப் போட்டியைப் பற்றித்தான் எங்கள் காட்சி. சத்தமில்லாத விளையாட்டு, சத்தமில்லாத வேலை என்று நம்பிப் போனேன்.

பதினாறு பேரும் நானும்

சென்னையிலிருந்து குடும்பத்தோடு சுற்றுலா வந்த ஒருவர், என் சட்டையில் குத்தியிருந்த பெயரைப் பார்த்ததும் தமிழில் தொடங்கிவிட்டார். சுவரில் இருந்த பதினாறு படங்களையும் ஒவ்வொன்றாகப் பார்த்தார். எல்லாரும் ஐரோப்பியர். அவருக்கு முகம் சிவந்தது. "செஸ் பிறந்ததே நம்ம நாட்டுல. ஒரு இந்தியன்கூட இல்லையா? இது என்னங்க நியாயம்?"

நியாயமான கோபம்தான். எனக்கும் அந்தச் சுவரைப் பார்க்கும்போதெல்லாம் அதே எரிச்சல் வரும். அதைச் சொல்ல வாயைத் திறந்தேன். அதற்குள் அவர் என் பக்கம் திரும்பிவிட்டார். லண்டனுக்கு அழைப்பு அனுப்பினதே நான்தான் என்பதுபோல மேலும் கீழும் பார்த்துவிட்டு, மனைவி கையைப் பிடித்து இழுக்க இழுக்கச் சொன்னார்: "நீங்களும் தமிழ்தானே, ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல?"

மேசையில் ஒரு மணிக்கூடு

காட்சியின் நடுவில் ஒரு பழைய மாதிரி மேசை, அதன்மேல் காய்கள். மணிக்கூடு இல்லை. அந்தப் போட்டியில் ஆட்டத்துக்கு நேரக் கட்டுப்பாடே கிடையாது. ஒருவர் யோசிக்கத் தொடங்கினால் மற்றவர் கூரையைப் பார்த்துக்கொண்டு இருக்க வேண்டியதுதான். கடிகாரங்களுக்குப் பேர்போன லா ஷோ-து-ஃபோனிலிருந்து வந்த மணிக்கூட்டுத் தொழிற்சாலைக்காரர் ஒருவருக்கு இது பெரிய அவமானமாகப் போய்விட்டது. "அப்படியென்றால் அவர்கள் விளையாட வரவில்லை, குடியிருக்க வந்திருக்கிறார்கள்" என்று பிரெஞ்சில் முணுமுணுத்துவிட்டுப் போனார்.

அதில் எனக்குக் கோபம் இல்லை. கோபம் வந்தது எங்கள் காட்சியக இயக்குநரில். இந்தக் கதையைக் கேட்டுச் சிரித்தவர், அடுத்த கிழமையே எங்கிருந்தோ ஒரு பித்தளை மணிக்கூட்டைக் கொண்டுவந்து அந்த மேசையில் வைத்துவிட்டார். "இது அங்கே இருக்கவில்லை. வாறவர்களுக்கு நான் பொய் சொல்லவோ?" என்று சண்டை பிடித்தேன். அவர் இரண்டடி பின்னால் போய், ஒரு கண்ணை மூடி மேசையைப் பார்த்தார். "உண்மை முக்கியம்தான். ஆனால் படம் எடுக்க இது வடிவாக இருக்கிறது."

தேத்தண்ணி ஊற்ற ஆள்

ஒரு நாள் ஒரு பள்ளிக்கூட வகுப்பு வந்தது. அந்தப் போட்டியைப் பிள்ளைகள் நடித்துப் பார்க்கட்டும் என்றார் ஆசிரியர். நல்ல விசயம். பையன்களை எல்லாம் மேசைகளில் இருத்தினார். பெண்பிள்ளைகளிடம் வெறும் கோப்பைகளைக் கொடுத்து, தேத்தண்ணி பரிமாறச் சொன்னார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஏன் அவர்களும் விளையாடக் கூடாது என்று கேட்டேன். "அந்தப் போட்டியில் பெண்கள் இல்லையே. வரலாற்றை மாற்ற முடியாது" என்றார், ஏதோ நான் அழிரப்பரோடு நிற்பதுபோல.

அப்போது அபிஷா என்றொரு பிள்ளை கோப்பையை நிலத்தில் வைத்தாள். உலகக் கண்காட்சியில் என்னென்ன வைத்திருந்தார்கள் என்று என்னிடம் கேட்டாள். இயந்திரங்கள்தான் அதிகம் என்றேன். கொஞ்சம் யோசித்தாள். பிறகு கன்னத்தை உப்பிக்கொண்டு, கைகளைச் சுழற்றி, பையன்களின் மேசைகளுக்கு நடுவால் புஸ் புஸ் என்று ஓடத் தொடங்கினாள். ஆசிரியர் கத்த, திரும்பிப் பார்த்து அறிவித்தாள்: "நான் தேத்தண்ணி இல்லை, நான் நீராவி இயந்திரம்!"

யோசிக்கிற மனிதர்

காட்சி முடிகிற நாளில், பார்வையாளர்களுக்கு அந்தக் காலத்து விதிப்படி, மணிக்கூடு இல்லாமல், ஒரு போட்டி வைத்தோம். இறுதி ஆட்டத்துக்கு வந்தவர்கள் இரண்டு பேர். ஒருவர் ஓய்வுபெற்ற உள்ளூர்க்காரர், எங்கள் இயக்குநரின் சிநேகிதர். மற்றவர் செல்வராணி அக்கா. மட்டக்களப்புக்காரி, பக்கத்து ஹோட்டல் சமையலறையில் வேலை, இடைவேளைக்கு வந்தவர். அக்காவின் குதிரை ஒரே பாய்ச்சலில் அந்த மனிதரின் ராணியை மடக்கியது. அவர் வெளிறிப்போனார். பிறகு கைகளைக் கட்டிக்கொண்டு யோசிக்கத் தொடங்கினார்.

யோசித்தார், யோசித்தார். சனம் கலைந்து கோப்பிக்குப் போய்த் திரும்பியும் வந்தது. அக்கா வேலைக்குத் திரும்ப வேண்டும் என்பது அவருக்குத் தெரியும், அக்கா அவர் காதுபடத்தான் சொல்லியிருந்தார். நான் இயக்குநரிடம் ஓடினேன். "மேசையில் பொய்க்கு ஒரு மணிக்கூடு வைத்தீர்களே, இப்போது உண்மைக்கு ஒன்று வையுங்கள்!" விதி விதிதான் என்றார். கடைசியில் அக்கா எழும்பி, எதிராளிக்குக் கைகொடுத்துவிட்டுப் போனார். வெற்றியை என்னை அறிவிக்கச் சொன்னார்கள். மைக்கை வாங்கிச் சொன்னேன்: "கறுப்புக் காய்க்காரி வேலைக்குப் போனபடியால் வெள்ளை வென்றது." ஒருவரும் கைதட்டவில்லை. அடுத்த காட்சிக்கு என்னைக் கூப்பிடமாட்டார்கள் என்று இயக்குநரின் முகத்திலேயே எழுதியிருந்தது.

நேரே ஹோட்டலின் பின்வாசலுக்குப் போனேன். அக்கா கரட் வெட்டிக்கொண்டிருந்தார். நியாயமில்லை, முறைப்பாடு கொடுப்போம் என்று நான் மூச்சுவாங்கக் கத்த, கத்தியைக் கீழே வைக்காமலே நிமிர்ந்து பார்த்தார். "நான் தோக்கல்ல புள்ள. எனக்கு வேல இருக்கு, அந்தாளுக்கு இல்ல."

கோபப்படாமல் இந்த வேலையைப் பார்க்கலாம் என்று யாராவது உங்களுக்குச் சொன்னால், அவரைக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துக் கீழே ஒரு விளக்கம் எழுதி ஒட்டுங்கள், நான் வந்து பார்க்கிறேன்.