துரையின் கைத்துப்பாக்கியைச் சோதித்த நாள்

அறுபதுகளின் தொடக்கத்தில், இலங்கை மலைநாட்டில் வட்டவளைப் பக்கத்துத் தோட்டம் ஒன்றின் தேயிலை ஸ்டோரில் நான் மெஷின் பிட்டராக இருந்தேன். பேக்டரியை நாங்கள் ஸ்டோர் என்றுதான் சொல்வோம். ரோலரோ எஞ்சினோ, எது மக்கர் செய்தாலும் என்னைத்தான் கூப்பிடுவார்கள். அந்தத் திமிர் எனக்குக் கொஞ்சம் அதிகமாகவே இருந்தது.

சீமைக்குத் திரும்பிப்போன வெள்ளைக்காரத் துரையின் கைத்துப்பாக்கி புதுத் துரையிடம் வந்து சேர்ந்தது. ஒருமுறை சுட்டதும் அடுத்த தோட்டாவைத் தானே ஏற்றிக்கொள்ளும் ரகம். "ஆபத்துக்கு இழுத்தா வெடிக்குமா, காலை வாருமா? பார்த்துச் சொல்லு" என்றார் துரை. துப்பாக்கியைப் பற்றி எனக்கு என்ன தெரியும்? ஆனால் தெரியாது என்று சொல்லித்தான் எனக்குப் பழக்கமில்லையே!

மறுநாள் காலை ஸ்டோருக்குப் பின்னால், உரச் சாக்குகளில் மண் நிரப்பி அடுக்கினோம். துரை சுட்டார். மூன்றாவது தோட்டா குறுக்கே மாட்டிக்கொண்டது. மறுபடி ஏற்றிச் சுட்டார், மறுபடியும் மாட்டியது. கழற்றிப் பார்த்தேன். உள்ளே பழைய கிரீஸ் பிசின் மாதிரி இறுகிக் கிடந்தது. மண்ணெண்ணெயில் கழுவி, எண்ணெய் போட்டுக் கொடுத்தேன். அப்புறம் அடைத்த ஏழும் தடங்கலில்லாமல் வெடித்தன. "மெஷின்னா எல்லாம் ஒண்ணுதாங்க தொரே" என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டேன்.

இன்னொரு தரம் பார்த்துவிடலாம் என்று துரை மறுபடி ஏழு அடைத்தார். நான்கு சுட்டிருப்பார், ஆபீசில் போன் வந்திருப்பதாக ஆள் ஓடிவந்தது. அவசரத்தில் துப்பாக்கியைப் பலகைமேல் வைத்து, "தொடாதே, வந்துடுறேன்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

என் கை சும்மா இருக்குமா? அந்த நேரம் பார்த்து எஞ்சின் டிரைவர் தேத்தண்ணியோடு வந்தார். எனக்கு மாமன் முறை. சரியான பயந்தாங்கொள்ளி. அவர் மனைவிக்கு அப்போது நிறைமாதம். அவரைச் சீண்டிப் பார்க்க எனக்கு ஆசை. பிடிக்குள்ளிருந்த தோட்டாப் பெட்டியை உருவிக் காட்டிவிட்டு, துப்பாக்கியை அவர் மார்புக்கு நேராகப் பிடித்தேன்.

"ஐயோ, என்ன வெளையாட்டு மாப்புள இது!"

"தோட்டாப் பெட்டிதான் வெளிய வந்துருச்சே மாமா. பெல்ட்ட கழட்டுன ரோலரு ஓடுமா?"

அதுதான் என் புத்தி. ஸ்டோரில் பெல்ட்டைக் கழற்றினால் எந்த மெஷினும் செத்த மெஷின். அப்புறம் தைரியமாகக் கையை விட்டு வேலை பார்ப்பேன். விரல் விசையில் இருந்தது. மாமாவின் முகம் வெளுத்துவிட்டது. நகரக்கூட முடியாமல் நின்றார். "ஒங்களக் கும்புடுறேன் மாப்புள. அந்தப் பக்கம் திருப்பிக்கிட்டு இழுங்க. எனக்காக."

எனக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. போனால் போகிறது என்று மண்மூட்டைப் பக்கம் திருப்பி இழுத்தேன்.

வெடித்தது.

துரை கடைசியாகச் சுட்டபோதே அடுத்த தோட்டா குழலுக்குள் ஏறி உட்கார்ந்திருக்கிறது. பெட்டியை உருவினால் அது எங்கே போகும்? மெஷின் தெரிந்த மேதாவிக்கு இது உறைக்கவில்லை!   மாமா தன் சட்டையின் மார்புப் பக்கத்தைத் தடவிப் பார்த்துக்கொண்டார்.

துரை ஓடிவந்து துப்பாக்கியைப் பிடுங்கினார். "என்ன ஆச்சு?" என்று கத்தினார். "நல்லா வேல செய்யுதுங்க தொரே" என்று சொல்லும்போதே எனக்கு அழுகை வந்துவிட்டது.

அடுத்த வாரம் மாமாவுக்குப் பெண் பிறந்தது. நாங்கள் குடியிருந்த லயத்தில் எல்லோருக்கும் சீனி கொடுத்தவர், பிள்ளையைக் கொண்டுவந்து என் மடியிலும் வைத்தார். நடந்ததை அவர் யாரிடமும் சொல்லவே இல்லை. அவர் பயந்து கெஞ்சியதால்தான் அந்தப் பிள்ளைக்கு அப்பா மிஞ்சினார் என்பதை நினைக்கும்போதெல்லாம், பயப்படுகிற ஒருவரைப் பார்த்துச் சிரிக்க எனக்கு இன்றுவரை மனசு வருவதில்லை.