ஏழாயிரம் வேலித் தரிசு

நான் ஒரு கல்லைக் கண்டுபிடித்தேன். செவ்வாய்க்கும் வியாழனுக்கும் நடுவில் சூரியனைச் சுற்றிக்கொண்டிருக்கும் கணக்கில்லாத கற்களில் ஒன்று. சிறுகோள் என்று பாடப்புத்தகத்தில் போடுவார்கள். கோள் என்கிற மரியாதையெல்லாம் அதற்கு அதிகம்.

அப்போது எனக்கு வடக்கே ஒரு மலைமேல் இருந்த வானாய்வுக்கூடத்தில் வேலை. வானத்தின் ஒரே பகுதியைக் கொஞ்ச நேர இடைவெளியில் இரண்டு கண்ணாடித் தட்டுகளில் படம் பிடிப்போம். மறுநாள் பகலில் இரண்டையும் ஒரு கருவியில் மாட்டி, இதை ஒரு கணம் அதை ஒரு கணம் என்று மாற்றி மாற்றிப் பார்க்க வேண்டும். நட்சத்திரங்கள் இருந்த இடத்திலேயே இருக்கும். எது இடம் விட்டு இடம் குதிக்கிறதோ அது கல். மாதக்கணக்கில் பார்த்தேன். கண் எரிந்ததும் இடுப்பு பிடித்ததும்தான் மிச்சம். குதித்ததெல்லாம் யாரோ எப்போதோ கண்டுபிடித்துப் பட்டியலில் சேர்த்த கற்கள். ஒரு நாள் குதித்த ஒரு புள்ளி மட்டும் எந்தப் பட்டியலிலும் இல்லை. ஒரு மணி நேரம் பட்டியலைப் புரட்டிவிட்டு வெளியே வந்து, யாரும் பார்க்கவில்லை என்று உறுதி செய்துகொண்டு, ஒரு குதி நானும் குதித்தேன்.

கண்டுபிடித்ததும் மாலை போட்டுவிட மாட்டார்கள். முதலில் ஒரு தற்காலிகக் குறியீடு. பூமி அந்தக் கல்லுக்கு நேராக வருவதற்கு ஒவ்வொரு முறையும் ஒன்றேகால் வருஷத்துக்கு மேல் ஆகும். வரும்போதெல்லாம் அதை மறுபடி பிடித்துக் காட்ட வேண்டும். பாதை சந்தேகமில்லாமல் தெரிந்த பிறகு நிரந்தர எண் கிடைக்கும். அதற்கப்புறம்தான் கண்டுபிடித்தவர் ஒரு பெயர் சொல்லலாம். எனக்கு அம்மா பேரை வைக்க ஆசை. அம்மா நான் பள்ளிக்கூடம் முடிப்பதற்கு முன்பே போய்விட்டாள்.

சந்தோஷத்தில் அப்பாவுக்கு ஒரு கார்டு போட்டேன். நான் செய்த முட்டாள்தனம் அதுதான். அப்பாவுக்குப் படிக்கத் தெரியாது. ஊரில் நிலக்கணக்கு எழுதும் கர்ணம்தான் படித்துக் காட்டுவார். கர்ணத்துக்குத் தெரிந்தால் சாயங்காலத்துக்குள் மிராசுதாருக்குத் தெரியும்.

அப்பா அந்த மிராசுதாரின் ஐந்து மாவைக் குத்தகைக்கு உழுதுகொண்டிருந்தார். திருவாரூருக்குத் தெற்கே, ஒன்றரை ஏக்கருக்குக் கொஞ்சம் கூட. எனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து அவர் கால் அந்தச் சேற்றில்தான் இருந்தது. புதிய ஆட்சி வந்து, உழுகிற குத்தகைதாரர் பெயரைத் தாலுக்கா ஆபீஸ் பதிவேட்டில் ஏற்றலாம் என்று சட்டம் போட்டது. ஏறிவிட்டால் லேசில் யாரும் வெளியேற்ற முடியாது. அப்பாவும் மனுப் போட்டார். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க வேண்டுமே! கர்ணம் வருஷா வருஷம் சாகுபடிக் கணக்கான அடங்கலில் மிராசுதாரின் சொந்த சாகுபடி என்றே எழுதி வைத்திருந்தார். அப்பா வெறும் கூலியாள் என்பது மிராசுதாரின் வாதம். குத்தகை நெல்லை அளந்து வாங்கியவர் ஒரு தடவையாவது ரசீது கொடுத்தாரா என்றால் இல்லை. ‘இவன்தான் உழுகிறான்’ என்று அவர் ஒரு கையெழுத்துப் போட்டால் கேஸ் முடிந்தது. போடாவிட்டால் அப்பா நிலத்தை விட்டு இறங்க வேண்டியதுதான்.

பொங்கலுக்கு ஊருக்குப் போனபோது மிராசுதார் எங்கள் இரண்டு பேரையும் கூப்பிட்டு அனுப்பினார். எனக்கு நாற்காலி போட்டார்கள். அப்பா வழக்கம்போல முற்றத்தில் நின்றார்.

“வாப்பா. ஏதோ கெரகம் கண்டுபிடிச்சியாமே. எவ்வளவு பெரிசு?”

“குறுக்கால எட்டு கிலோமீட்டர் இருக்கும்னு ஒரு கணக்குங்க.”

“வேலிக் கணக்குல சொல்லு.”

எனக்கு எரிச்சலாக இருந்தது. ஆனாலும் கை சும்மா இருக்கவில்லை. அங்கே கிடந்த தினசரியின் ஓரத்திலேயே, இருபது மா ஒரு வேலி என்று கணக்குப் போட்டுச் சொன்னேன். மேற்பரப்பு ஏழாயிரம் வேலிக்கு மேல் வந்தது.

“ஏழாயிரமா!” நிமிர்ந்து உட்கார்ந்தார். “தண்ணி வசதி?”

“இல்லிங்க. மண்ணும் கிடையாது. அடுப்புக்கரி மாதிரி கறுப்பா இருக்கும். காத்துகூட இல்ல.”

“தரிசு,” என்றார் முற்றத்திலிருந்து அப்பா.

மிராசுதார் அதைக் காதில் வாங்கவில்லை. விஷயத்துக்கு வந்தார். பஞ்சாயத்து கை மாறியதும் தெருப்பலகையில் இருந்த அவருடைய அப்பா பேரைத் தார் பூசி அழித்துவிட்டார்கள். அந்தப் பேரை ஏணி எட்டாத இடத்தில் வைக்க வேண்டும் என்றார். வைத்தால் ஐந்து மாவுக்குக் கையெழுத்து.

“உங்க பேரே வைக்கலாமே?” என்று குத்தலாகத்தான் கேட்டேன்.

அவர் பதறிப்போனார். “ஐயையோ, என் பேரு வேணாம்ப்பா! ஏற்கெனவே நில உச்சவரம்பு கேஸ் ரெண்டு நடக்குது. ஏழாயிரம் வேலின்னா விடுவானா? அப்பா காலமாயிட்டாரு, அவரை எவனும் கேக்க மாட்டான்.”

வெளியே வந்ததும் அப்பாவிடம், “நான் அம்மா பேரு வைக்கலாம்னு இருந்தேன்” என்றேன்.

அப்பா இடுப்பில் கட்டியிருந்த துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டார். “ஒங்கம்மாவும் அந்த வயல்லதாண்டா நடவு நட்டா. வயலு நின்னா போதும்னுதான் சொல்லுவா.”

மிராசுதாரிடம் சரி என்று சொல்லிவிட்டேன். பேர் வைத்த காகிதம் கைக்கு வந்தால்தான் கையெழுத்து என்று அவர் கறாராகச் சொன்னார். அதுவரை வாய்தா வாங்கிக்கொண்டே இருப்பாராம்.

நாலு வருஷம். கல் சூரியனை ஒரு சுற்றுச் சுற்ற ஏறக்குறைய அவ்வளவு ஆகும். அது நேரே வந்தபோதெல்லாம் பிடித்தேன். ஒரு முறை மேகம் மூடி மூன்று வாரம் வானமே தெரியவில்லை. நான் சாப்பாட்டுக்கூடத்தில் எல்லோர் மீதும் எரிந்து விழுந்தேன். சமையல்காரர், “சார், அது ஓடிப்போனா என்ன, வேற கல்லா இல்ல?” என்றார். அதுக்குப் பின்னால் ஐந்து மா நஞ்சை இருக்கிறதென்று அவருக்கு எப்படித் தெரியும்? கடைசி நாள் மேகம் விலகிப் பிடித்துவிட்டேன். அழாத குறை.

வெண்ணெய் திரண்டு வந்தபோது தாழி உடைந்தது. கற்களுக்கு எண் கொடுக்கும் வெளிநாட்டு மையத்திலிருந்து கடிதம் வந்தது. என் பாதைக் கணக்கைப் பின்னோக்கிப் போட்டுப் பார்த்தார்களாம். நாற்பது வருஷத்துக்கு முன் அங்கே ஒருவர் இதே கல்லை ஒரு மாதம் பார்த்து, பாதை போட்டு, அப்புறம் தொலைத்திருக்கிறார். கண்டுபிடித்தவர் அவரே. என் உழைப்புக்கு நன்றி.

கடிதத்தோடு ஊருக்குப் போனேன். அப்பாவையும் கூட்டிக்கொண்டு மிராசுதார் வீட்டுக்குப் போய் உள்ளதைச் சொன்னேன்.

“பேரு வைக்க முடியாதுங்க. நாப்பது வருஷம் முன்னாடியே இன்னொருத்தர் பார்த்திருக்காரு.”

“பார்த்துட்டு?”

“விட்டுட்டாருங்க.”

மிராசுதாருக்கு முகம் சிவந்துவிட்டது. நாற்காலிக் கையை ஓங்கித் தட்டினார்.

“என்னய்யா அநியாயம் இது! விட்டுட்டுப் போனவனுக்கு என்ன பாத்தியதை? நாலு வருஷமா வெயில் மழைன்னு பார்க்காம அது பின்னாடியே நின்னவன் நீ! கணக்குல எவன் பேரு இருந்தா என்ன? பாடுபட்டவன் எவனோ அவனுக்குத்தான்யா சொந்தம்! இதைக் கேக்க ஒரு நாதி இல்லையா?”

முற்றத்திலிருந்து அப்பா, குரலை உயர்த்தாமல், “அதைத்தாங்கய்யா நானும் சொல்லிக்கிட்டிருக்கேன்” என்றார்.

மிராசுதார் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியால் வெகுநேரம் துடைத்தார். பிறகு உள்ளே பார்த்து, “ரெண்டு காபி” என்றார். அப்பாவுக்கும் டம்ளரிலேயே வந்தது. அப்பா நின்றபடியே குடித்தார். கையெழுத்தைப் பற்றி யாரும் பேசவில்லை.

அடுத்த விசாரணை இரண்டு வாரத்தில் வந்தது. நான் விடுப்பை நீட்டித்துக்கொண்டு அப்பாவோடு தாலுக்கா ஆபீசுக்குப் போனேன். டவாலிச் சேவகர் மிராசுதார் பெயரை மூன்று தரம் கூப்பிட்டார். அவரும் வரவில்லை, அவருடைய வக்கீலும் வரவில்லை, வாய்தா கேட்டு மனுவும் வரவில்லை. தாசில்தார் பகல் சாப்பாட்டு நேரம்வரை காத்திருந்தார். பிறகு எங்கள் பக்கத்துச் சாட்சிகளை விசாரித்து, எதிர்தரப்பு ஆஜராகவில்லை என்று குறித்து, பதிவேட்டில் அப்பா பெயரை ஏற்ற உத்தரவு எழுதினார்.

நகல் கைக்கு வந்ததும் ஆபீஸ் வாசல் வேப்பமரத்தடியில் நிறுத்தி, “படிடா” என்றார் அப்பா. படித்தேன். அவர் பெயர். அவருடைய அப்பா பெயர். சர்வே எண். அதற்குப் பக்கத்தில் குத்தகை சாகுபடிதாரர் என்று இருந்த இடத்தில் எனக்குக் குரல் உடைந்துவிட்டது. முப்பது வயது ஆள், தாலுக்கா ஆபீஸ் வாசலில், சின்னப்பிள்ளை மாதிரி அழுதேன்.

அப்பா பதறிப்போய் என் முதுகைத் தடவினார். கல் கைவிட்டுப் போன துக்கத்தில் அழுகிறேன் என்று நினைத்துக்கொண்டார்.

“போனா போவுதுடா. அழுவாத. எத்தினி கல்லு கெடக்குங்கற, ஒனக்குன்னு ஒண்ணு இல்லாமலா போயிடும்? அதுக்கு ஒங்கம்மா பேர வய்யி.”