எங்கள் வீட்டின் முதல் குடி

யுத்தத்துக்கு முந்தி, செவ்வாய்ப்பேட்டையைத் தாண்டிப் புது வீடுகள் முளைத்த காலம். அங்கே திரிந்த ஒருவரைப் பைத்தியம் என்பார்கள். எலும்பும் தாடியுமாக இருப்பார், சுவரோடு பேசுவார். கதவு வைக்காத வீடெல்லாம் அவருடையது. கதவு வைத்ததும் துண்டை உதறிக்கொண்டு அடுத்த வீட்டுக்குப் போய்விடுவார். நாங்கள் கட்டிய வீட்டிலும் ஆறு மாதம் இருந்தார்.

கிரகப்பிரவேசத்தன்று, முதலில் நுழைய வேண்டிய பசு வாசற்படியில் முரண்டு பிடித்தது. அப்பா வாலை முறுக்கியும் அசையவில்லை. கூட்டத்தை விலக்கிக்கொண்டு அவர் வந்தார்.

“வா சாமி, நம்ம ஊடுதான்” என்று முன்னே நடந்தார். பசு பின்னாலேயே போனது. உள்ளே நின்று எங்களைப் பார்த்துக் கைகூப்பினார்.

“ஏனுங்க வெளியவே நிக்கறீங்க? வாங்க, உங்க ஊடு மாதிரி நெனச்சுக்குங்க.”

சாயங்காலம் ஆசாரி கதவை மாட்டினார். சுவரோடு பேசியவர் துண்டை உதறினார்.

உள்ளே ஆளில்லை என்று தெரிந்தாலும், இன்றும் அந்தக் கதவைத் தட்டிவிட்டுத்தான் நுழைகிறேன்.